குங்குமக் கணக்கு

முத்தியால்பேட்டையில் குங்குமம் எவ்வளவு விற்கிறது, எப்படி விற்கிறது என்று சந்தை நிலவரம் ஒன்று தயாரிக்க உத்தேசித்திருக்கிறோம். இத்தகைய அறிக்கைகளுக்கு ஒரு சம்பிரதாயம் உண்டு. மாதம் எத்தனை டப்பி, பொடியா ஸ்டிக்கர் பொட்டா, எந்தக் கம்பெனி என்று கேட்டுக் கட்டங்களை நிரப்பினால் வேலை தீர்ந்தது. அந்தச் சிவப்பு எதனால் வந்தது என்பதற்கு மட்டும் கட்டம் இராது! நாமோ அதைத்தான் முதற் கேள்வியாக வைக்க எண்ணுகிறோம். நீலச் சாயத் துணியைச் செனகல் வரையில் கப்பலேற்றிய புதுவைக்குச் சாயத்தைப் பற்றி விசாரிக்க யாரும் கற்றுக் கொடுக்க வேண்டியதில்லை அன்றோ?

மஞ்சளை எலுமிச்சஞ் சாற்றில் ஊறவைத்து, வெங்காரமும் படிகாரமும் சேர்த்து, உலர்த்தி இடித்தால் குங்குமம். அதன் சிவப்பு அடக்கமானது. கண்ணைப் பறிக்கும் செக்கச்சிவப்பு பெரும்பாலும் ரசாயனச் சாயத்தின் கைங்கரியமே. சாயமாவது போகட்டும், ஈயம் கலந்திருந்தால்? 2017-இல் வெளியான அமெரிக்க ஆராய்ச்சி ஒன்றில், நியூ ஜெர்ஸியிலும் மும்பை, டில்லியிலும் வாங்கிய 118 ஸிந்தூர மாதிரிகளைச் சோதித்தார்கள். ஐந்தில் நாலு பங்கில் ஈயம் இருந்தது. ஸிந்தூரம் வேறு, நம் குங்குமம் வேறு என்று சமாதானம் சொல்லலாம். உதிரியாக நிறுத்துக் கொடுக்கும் பொடியில் அந்த வேற்றுமையைக் காட்டுவது யார்? தாயின் நெற்றியைத் தொட்ட விரலைக் குழந்தை வாயில் வைக்கிறது. ஈயமோ குழந்தையின் மூளை வளர்ச்சியைக் கெடுப்பது. இவ்வளவு வரை பாதகமில்லை என்று சொல்லத்தக்க அளவே அதற்குக் கிடையாது.

சட்டம் இல்லாமலில்லை. 2020-ஆம் வருஷத்து அழகுசாதன விதிகளின்படி, சாயத்தில் ஈயம் பத்து லக்ஷத்தில் 20 பங்கைத் தாண்டக் கூடாது. பொட்டலத்தின்மேல் தயாரித்தவர் பெயரும் லைசென்ஸ் எண்ணும் வேண்டும். 2017-இல் ஜி.எஸ்.டி. வந்தபோது உதட்டுச் சாயத்துக்கு 28 சதவிகிதம் விதித்தவர்கள் குங்குமத்துக்கு வரியே வேண்டாம் என்றார்கள். நல்ல காரியந்தான், ஆனால் வரி இல்லாத சரக்குக்குப் பரிசோதனையும் இல்லை என்று ஆகிவிடக் கூடாது.

ஆகவே, மகாத்மா காந்தி வீதிக் கடைகளில் நாம் கேட்க வேண்டியவை வேறு. உதிரிப் பொடி எங்கிருந்து வருகிறது? ‘பூஜைக்கு மட்டும்’ என்று அச்சிட்ட பொட்டலத்தை வாங்குகிறவர்கள் நெற்றியிலும் இட்டுக் கொள்வதில்லையா? ஸ்டிக்கர் பொட்டின் பசையால் நெற்றியில் வெண்புள்ளி விழக்கூடும் என்று சரும வைத்தியர்கள் நெடுநாளாகச் சொல்லி வருகிறார்கள். அப்படி விழுந்தவர்கள் இந்தப் பேட்டையில் எத்தனை பேர்?

கடைக்குக் கொஞ்சம் வாங்கி ரசாயன சோதனைசாலைக்கு அனுப்பும் செலவை வரவு செலவுத் திட்டத்தில் முதல் இனமாக எழுதியிருக்கிறோம். வர்ணப் படம் அச்சிடும் செலவு அதற்குப் பிறகுதான்.