மூணு மணி நேரக் கேசட்டுக்குள் ஓர் ஊர்

ராஜபாளையத்தில் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்தவன் நான். எங்கள் வட்டாரத்தின் அன்றாடம் சினிமாவில் இருப்பதைவிட, பீரோவுக்குள் கிடக்கும் வி.எச்.எஸ். கேசட்டுகளில்தான் அதிகம் இருக்கிறது என்பேன்.

சினிமாவை மட்டம் தட்டவில்லை. வசந்தபாலனின் ‘வெயில்’ (2006) விருதுநகர்க் கறிக்கடையையும் தியேட்டர் ஆபரேட்டர் அறையையும் கேன் பட விழா வரை கொண்டுபோனது. சலம் பென்னூர்க்கரின் ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’ (1990) சிவகாசித் தீப்பெட்டி வேலையில் வாடிய பிள்ளைகளைக் காட்டியது. ஆனால் படமென்றால் ஒரு கொலையோ கொடுமையோ வேண்டியிருக்கிறது. ஒன்றுமே நடக்காத மத்தியானத்தை யார் எடுப்பார்?

நாங்கள் எடுத்தோம். கலையார்வம் எல்லாம் இல்லை. கேசட் மூணு மணி நேரம். தாலி கட்டுவதோ அரை நிமிஷம். மிச்சத்தை எதை வைத்து நிரப்புவது? விடியுமுன் வெங்காயம் உரிக்கும் பெண்கள், இரண்டாம் அப்பளத்துக்குக் கை நீட்டும் பொடியன், லைட்டைக் கண்டதும் முந்தானையால் முகத்தை மூடும் பாட்டி. மாப்பிள்ளை அழைப்பு பஞ்சு மார்க்கெட் பக்கம் திரும்பினால் கடைப் பலகைகளும், ஷிப்ட் விட்டு சைக்கிளில் வரும் மில் ஆட்களும் சேர்ந்தே பதிவாவார்கள். சத்திரப்பட்டிக் கல்யாணமென்றால், பாட்டுச் சேர்க்காத இடத்திலெல்லாம் பேண்டேஜ் துணி ஓட்டும் தறிச் சத்தம்தான். ‘அதை எடுத்துருங்கண்ணே’ என்று அப்போது யாரும் கேட்டதில்லை.

ஸ்ரீவில்லிபுத்தூர் ஆடிப்பூரத் தேரை இன்று எத்தனையோ செல்போன்கள் எடுக்கின்றன. ஆண்டாள் கோயில் கோபுரத்துக்கும் படப் பஞ்சமில்லை. பால்கோவாவுக்கு 2019-இல் புவிசார் குறியீடே வந்துவிட்டது. நாற்பது வருஷத்துக்கு முன் அடுப்படியில் வியர்வை வழியக் கிண்டியவர் எப்படி இருந்தார் என்று கேட்டால், ஏதாவது ஒரு வீட்டுக் கல்யாணக் கேசட்டில்தான் தேட வேண்டும்.

அந்த டேப்புகளில் பூஞ்சை படர்கிறது. போட்டுப் பார்க்க டெக் இல்லை. இருந்தாலும் ரிப்பேர் பார்க்க ஆளில்லை. பாதி ஏற்கெனவே பழைய சாமான்காரனிடம் போயாச்சு.

முதலமைச்சராக இருந்த பி.எஸ். குமாரசாமி ராஜா தம் வீட்டையே காந்தி கலை மன்றத்துக்குக் கொடுத்த ஊர் இது. ஓர் அறையும் ஒரு டெக்கும் கம்ப்யூட்டரும் கிடைக்காதா? கேசட் கொண்டுவருபவருக்கு இலவசமாக நகல், ஊருக்கு ஒரு பிரதி. வீட்டார் சம்மதம் கண்டிப்பாக வேண்டும். அறுந்துபோன சம்பந்தங்கள், இரவல் நகைகள் எல்லாம் அதில் இருக்குமே! மேடைக் காட்சியைத் தர மனமில்லாதவர்கள் அதை வெட்டி வைத்துக்கொள்ளட்டும். ஊருக்கு வேண்டியது அந்த வெங்காயமும் சைக்கிளும்தான்.