மதிலுக்கு வெளியே ஒரு கேமரா

மலேசியாவின் முதல் உயர்தொழில்நுட்பத் தொழிற்பேட்டையாக 1996இல் திறக்கப்பட்ட கூலிம் ஹைடெக் பூங்கா, ரப்பரும் செம்பனையும் சூழ்ந்த கெடா மண்ணில் இண்டெல், இன்ஃபினியோன் முதலிய நிறுவனங்களின் மின்னணு ஆலைகளைக் கொண்டுவந்து நிறுத்தியது. விடியுமுன் தோட்டத்துப் பெரட்டுக்களத்தில் வேலைக்குப் பெயர் கொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள் ஷிப்டு பேருந்துக்குக் காத்திருக்கும் இந்த மாற்றத்தை ஓர் ஆவணப்படம், அதாவது நடிகர்கள் இன்றி நடப்பையே பதிவுசெய்து ஒரு பார்வையோடு தொகுக்கும் படம், எவ்வாறு சொல்லக்கூடும்? தூசு புகாத ஆலை அறைகளுக்குள் வெளியார் கேமரா நுழைவது எளிதன்று. மூடிய வாசல்களுக்கு முன் பல ஆண்டுகள் பணியாற்றிய மதுரை இயக்குநர் ஆர்.பி. அமுதனின் திரைவாழ்வு இவ்வகையில் கூர்ந்து நோக்கத்தக்கது.

மனிதக் கழிவை மனிதர் அகற்றும் வேலைக்கு ஆளமர்த்துவதை இந்தியச் சட்டம் 1993இலேயே தடைசெய்திருந்தும், மதுரைத் தெருவொன்றில் அதே வேலையைச் செய்துகொண்டிருந்த துப்புரவுப் பெண் ஒருவரை 2003இல் வெளிவந்த அவருடைய ‘பீ’ அருகிருந்து பின்தொடர்ந்தது. பார்வையாளர் முகம் சுளிக்கும் இடத்திலும் கேமரா விலகுவதில்லை. தலைப்பும் இடக்கரடக்கலை மறுத்துவிடுகிறது. இரக்கத்தைத் தூண்டும் இசையோ விளக்கவுரையோ செய்ய முடியாததை அந்த விடாப்பிடியான அருகாமை செய்கிறது என்பதால், அவருடைய படங்களில் ‘பீ’க்கே முதலிடம் தரலாம். 

கதிரியக்கம் குறித்த மூன்று படங்களில் அவர் முறை வேறு. மணவாளக்குறிச்சியின் அருமணல் ஆலை, கல்பாக்கம், கூடங்குளம் அணுமின் நிலையங்கள் ஆகியவற்றின் மதிலுக்குள் செல்ல முயல்வதைவிட, அம்மதிலை ஒட்டி வாழ்வோரின் உடல்நலம், அச்சம், போராட்டம் ஆகியவற்றைக் கேட்பதே அப்படங்களின் வழியாயிற்று. திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலைப் பற்றிய ‘டாலர் சிட்டி’யும் வளர்ச்சி என்ற சொல்லுக்கு யார் எதைக் கொடுக்கிறார்கள் என்று வினவுகிறது.

எடுத்த படத்தைக் காட்ட இடமில்லையேல் இத்தொழில் பாதியிலேயே நின்றுவிடும். இதனை உணர்ந்து 1998 முதல் மதுரையில் ஆவணப்பட, குறும்பட விழாவை அமுதன் நடத்திவந்ததும் படைப்புக்கு நிகரான பணியே. மலேசியாவிலும் அத்தகைய இடத்தை உருவாக்க, மனித உரிமை அமைப்பான கோமாஸ் 2003இல் சுதந்திரத் திரைப்பட விழாவைத் தொடங்கியது. எனினும், தணிக்கைக் குழுவின் ஒப்புதலின்றிப் படம் காட்டுவதைக் குற்றமாக்கும் 2002ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ், இலங்கைப் போரின் இறுதி மாதங்களைப் பற்றிய ‘நோ ஃபயர் ஸோன்’ படத்தை 2013இல் கோலாலம்பூரில் திரையிட்டதற்காக, அவ்வமைப்பைச் சேர்ந்த லீனா ஹென்றிக்கு 2017இல் 10,000 ரிங்கிட் அபராதம் விதிக்கப்பட்டது. படத்தை இயக்கிய கேலம் மெக்ரே பிரித்தானியர். வழக்கைச் சுமந்தவரோ திரையிட்டவர்.

அவ்வழக்கு எழுந்தது திரையிடலின்பேரில். ஆனால் ஆவணப்படம் திரையிடலுக்கு வெகுமுன்பே, தாத்தா பாட்டியிடம் கேட்டுப் பதிவுசெய்வதில் தொடங்குகிறது. பால்மரம் வெட்டியவர்கள், லயன் வீடுகளைவிட்டு வெளியேறியவர்கள், பூங்காவின் முதல் ஷிப்டுகளில் வேலை செய்தவர்கள், இன்று அங்கு உழைக்கும் வெளிநாட்டுத் தொழிலாளர்கள் ஆகியோர் மதிலுக்கு வெளியேதான் வாழ்கின்றனர். தோட்டத்தை நேரில் அறிந்த தலைமுறை முதுமையடைந்துவிட்டதால், கூலிம், பாடாங் செராய், லூனாஸ் இளைஞர்கள் கையிலுள்ள கைப்பேசியைக் கொண்டாவது இவ்வாண்டே இப்பதிவைத் தொடங்க வேண்டும்.