முட்புதர் யாருடையது?

நரி தாரைக் குழைத்து ஒரு பொம்மை செய்து வழியில் உட்கார வைக்கிறது. அந்தப் பக்கம் வந்த முயல் வணக்கம் சொல்கிறது. பொம்மை பதில் பேசவில்லை. மரியாதை தெரியாதா என்று முயல் ஓங்கி அறைகிறது, கை ஒட்டிக்கொள்கிறது. இன்னொரு கை, கால்கள், தலை என்று எல்லாமே ஒட்டிக்கொள்கின்றன. நரி வந்து எப்படிக் கொல்லலாம் என யோசிக்கிறது. எரித்துக்கொள், தூக்கில் போடு, தோலை உரி, ஆனால் அந்த முட்புதரில் மட்டும் எறிந்துவிடாதே என்று முயல் கெஞ்சுகிறது. நரி அங்கேயே எறிகிறது. முயல் பிறந்து வளர்ந்ததே முட்புதரில்தான்.

அமெரிக்கத் தென்மாநிலப் பண்ணைகளில் அடிமைப்படுத்தப்பட்ட கறுப்பின மக்கள் சொல்லிவந்த ‘பிரெர் ராபிட்’, அதாவது முயலண்ணன் கதைகளில் ஒன்று இது. முயல் அடுக்கும் தண்டனைகளைக் கவனியுங்கள். கதை கேட்டவர்களுக்கு அவை கற்பனையல்ல. தங்கள் உடல்மீது நடப்பதைத்தான் அவர்கள் கதையில் கேட்டார்கள், கேட்டுவிட்டுச் சிரித்தார்கள்.

இந்த முயல் நல்லவனும் அல்ல. திருடும், பொய் சொல்லும். ஒரு கதையில் ஓநாயைப் பெட்டிக்குள் அடைத்துக் கொதிநீரை ஊற்றிக் கொல்லும். நீதிபோதனை தேடுபவர்களுக்கு இது உறுத்தும். உழைப்பு, உடல், பெற்ற பிள்ளை என எல்லாமே திருடப்பட்ட மக்களிடம் போய் ‘திருடாதே’ என்று யார் சொல்வது? சட்டமும் ஆயுதமும் எதிரியின் கையில் இருக்கும்போது மிஞ்சியிருப்பது தந்திரம்தான்.

ஜோயல் சாண்ட்லர் ஹாரிஸ், ஜார்ஜியாவின் ஈட்டன்டனில் பிறந்த வெள்ளையர். 1860களில் சிறுவனாக ஒரு பண்ணையின் அச்சகத்தில் வேலைபார்த்தபோது அங்கிருந்த அடிமைகளிடம் இக்கதைகளைக் கேட்டார். 1880இல் அவற்றைப் புத்தகமாக்கினார். கதைகளைச் சொல்ல ‘அங்கிள் ரீமஸ்’ என்றொரு முதியவரைப் படைத்தார். முன்னாள் அடிமையான அவர், பண்ணை வீட்டு வெள்ளைச் சிறுவனுக்கு அன்போடு கதை சொல்கிறார். பழைய காலத்தின்மீது அவருக்குக் கசப்பே இல்லை.

இங்கே மாறியது கேட்பவர். தங்களுக்குள் சொல்லிக்கொண்ட கதை, எஜமானின் பிள்ளையைத் தூங்கவைக்கும் கதையானது. ஹாரிஸுக்கு இக்கதைகளின் பொருள் புரியாமல் இல்லை. கறுப்பின மக்கள் ஏன் மிகப் பலவீனமான பிராணியை நாயகனாக்கி வெல்லவைக்கிறார்கள் என்பதற்கு ஆராய்ச்சியே தேவையில்லை என்று அதே நூலின் முன்னுரையில் எழுதியிருக்கிறார். புரிந்துகொண்டேதான் இப்படியொரு சட்டகத்துக்குள் வைத்தார். பின்னர் எனிட் பிளைட்டன் எழுதிய முயல் கதைகளைப் படித்த பிள்ளைகளுக்கோ இவை அடிமைகளின் கதைகள் என்பதே தெரியாமல் போனது.

1946இல் வால்ட் டிஸ்னி இதை ‘சாங் ஆஃப் தி சவுத்’ என்ற படமாக்கினார். முயலும் நரியும் கரடியும் அனிமேஷனில், ரீமஸ் நிஜ நடிகராக. எஜமானும் அடிமையும் இன்பமாக வாழ்ந்தது போன்ற பொய்யைப் படம் பரப்புகிறது என்று கறுப்பின உரிமை அமைப்பான என்ஏஏசிபி கண்டித்தது. ரீமஸாக நடித்து, நரிக்கும் குரல் கொடுத்தவர் ஜேம்ஸ் பாஸ்கெட். முதல் காட்சி நடந்த அட்லாண்டாவில் நிறப்பிரிவினை சட்டமாக இருந்தது. தன் படத்தின் விழாவில் அவரால் கலந்துகொள்ள முடியவில்லை. அதே 1946இல்தான் அண்ணல் அம்பேத்கர் டுபாய்ஸுக்குக் கடிதம் எழுதி, தீண்டப்படாதோர் நிலைக்கும் அமெரிக்கக் கறுப்பர் நிலைக்கும் உள்ள ஒற்றுமையைச் சுட்டிக்காட்டினார்.

டிஸ்னி நிறுவனம் அமெரிக்காவில் அந்தப் படத்தை வீடியோவாக வெளியிடவே இல்லை. ஆனால் 1989இல் அதே முயலை வைத்து ‘ஸ்பிளாஷ் மவுன்டன்’ என்ற நீர்ச்சறுக்குச் சவாரியைத் திறந்தது. அதில் ரீமஸ் இல்லை. தார் பொம்மைக்குப் பதில் தேன்கூடு. 2023இல் அமெரிக்கப் பூங்காக்களில் அதுவும் மூடப்பட்டது. இதை வெற்றி என்று கொண்டாடிய தோழர்கள் உண்டு. சவாரி மூடப்பட்டதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் ஒரு நிறுவனம் தன் கறையைத் துடைத்துக்கொள்வது வேறு, பறித்ததைத் திருப்பித் தருவது வேறு. படம் மறைந்ததோடு முயலும் மறைந்தால் இழப்பு யாருக்கு?

ஹாரிஸின் அதே ஈட்டன்டனைச் சேர்ந்தவர் கறுப்பின எழுத்தாளர் ஆலிஸ் வாக்கர். தன் மரபின்மீதே தனக்கு வெட்கம் வரச் செய்ததன் மூலம் ஹாரிஸ் அதைத் திருடிவிட்டார் என்று 1981இல் குற்றம்சாட்டினார். சிவில் உரிமைப் போராட்டத்தில் இருந்த ஜூலியஸ் லெஸ்டர் வேறொரு வழியில் போனார். 1987 முதல் நான்கு தொகுதிகளாக இக்கதைகளை மீண்டும் எழுதினார். ரீமஸ் என்ற பாத்திரத்தை நீக்கி, இன்றைய கறுப்பினக் கதைசொல்லியின் குரலில் சொன்னார். ஓவியம் வரைந்தவர் ஜெர்ரி பிங்க்னி, அவரும் கறுப்பினக் கலைஞர். எனக்கு மீட்பு என்றால் இதுதான்.

நாட்டார் கதைகளை ஆய்வு செய்பவள் என்ற முறையில் இதை நம் பக்கமும் திருப்புகிறேன். கதை சொன்னவருக்கு எங்கள் துறை வைத்திருக்கும் பெயர் ‘தகவலாளர்’. கதையைக் கட்டியவர், நடித்துக் காட்டியவர், சிரிக்கவைத்தவர் வெறும் தகவல் தந்தவராகிறார், பதிவுசெய்தவர் ஆசிரியராகிறார். சேரிகளில் இருந்து கதை திரட்டும் ஒவ்வொருவரும் மூன்று கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டும். அட்டையில் யார் பெயர்? பணம் யாருக்கு? அச்சான புத்தகம் முதலில் யார் வீட்டுப் பிள்ளையின் கைக்குப் போகிறது?