ஒரு கையெழுத்தில் முடியும் கொலை வழக்குகள்

கல்லாறு: பொன்முடி மலைத் தேயிலைத் தோட்டங்களில் தமிழர் உழைத்து வந்தது பழைய கதை. வடக்கே குளத்துப்புழையில், 1964-ம் ஆண்டு சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையிலிருந்து வந்த தமிழ்க் குடும்பங்கள் ரப்பர் தோட்டங்களில் குடியமர்த்தப்பட்டன. ஆகவே இலங்கையில் நடப்பது இப்பகுதித் தமிழர்களுக்கு வெறும் வெளிநாட்டுச் செய்தி அல்ல. மிருசுவில் கொலை வழக்கை அவர்கள் கூர்ந்து நோக்க இது ஒன்றே போதும். இன்னொரு காரணமும் உண்டு. அது நம் நாட்டுக்குள்ளேயே இருக்கிறது.

மிருசுவில் யாழ்ப்பாண மாவட்டத்துக் கிராமம். சண்டைக்கு அஞ்சி வேறிடம் போயிருந்த ஊர்க்காரர் சிலர், விட்டு வந்த வீடு வாசலைப் பார்த்து வர 2000-ம் ஆண்டு டிசம்பர் 19-ந் தேதி அங்கே சென்றனர். ராணுவத்தினர் அவர்களைப் பிடித்தனர். எட்டுப் பேர் கழுத்தறுத்துக் கொல்லப்பட்டு மலக்குழியில் போடப்பட்டனர். அவர்களில் ஐந்து வயதுப் பாலகனும் ஒருவன். ஒரே ஒருவர் மட்டும் காயத்துடன் தப்பி ஓடினார்.

அவர் தப்பியிராவிட்டால் வழக்கே இல்லை. காணாமற் போனவர்களின் பட்டியலில் சில பெயர்கள் கூடியிருக்கும், அவ்வளவுதான். அவர் சொன்னதைக் கொண்டு சடலங்கள் தோண்டி எடுக்கப்பட்டன. ஐந்து ராணுவத்தினர் மீது வழக்குத் தொடரப்பட்டு, கொழும்பு ஹைகோர்ட்டில் மூன்று நீதிபதிகள் விசாரித்தனர். 2015 ஜூனில், அதாவது சம்பவம் நடந்து பதினான்கு ஆண்டுகளுக்குப் பின், ஸ்டாப் சார்ஜன்ட் சுனில் ரத்நாயக்கவுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. மற்ற நால்வரும் விடுதலை பெற்றனர். 1976-க்குப் பிறகு இலங்கையில் யாரும் தூக்கிலிடப்படவில்லை என்பதால், நடைமுறையில் அது ஆயுள் தண்டனையே. 2019 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டும் தண்டனையை உறுதி செய்தது.

இலங்கையில் ராணுவத்தினர் தமிழ்ப் பிரஜைகளைக் கொன்ற வழக்கு ஒன்று இவ்வளவு தூரம் வந்தது அபூர்வம். 1996-ல் திருகோணமலை மாவட்டம் குமாரபுரத்தில் இருபதுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்ட வழக்கில், குற்றம் சாட்டப்பட்ட ஆறு பேரும் 2016-ல் விடுதலையாயினர். அபூர்வமான மிருசுவில் தீர்ப்பும் ஓராண்டு தாங்கவில்லை. 2020 மார்ச் 26-ந் தேதி, கொரோனா ஊரடங்கில் நாடு வாயடைத்துக் கிடந்த வேளையில், ஜனாதிபதி கோத்தபய ராஜபக்ச மன்னிப்பு வழங்கினார். ரத்நாயக்க வெளியே வந்தார். எட்டு நீதிபதிகள் ஒப்புக்கொண்ட குற்றத்தை ஒரே கையெழுத்து ஒன்றுமில்லாமல் செய்துவிட்டது.

இதைப் படித்து இலங்கையைப் பழிப்பது எளிது. இங்கே நிலைமை என்ன? இங்கே அந்தக் கையெழுத்து தீர்ப்புக்குப் பின் வருவதில்லை; விசாரணைக்கு முன்பே வந்துவிடுகிறது.

2021 டிசம்பர் 4, சனிக்கிழமை. நாகாலாந்தின் மோன் மாவட்டத்தில் ஓட்டிங் கிராமத்து நிலக்கரித் தொழிலாளர்கள் வேலை முடிந்து ஊர் திரும்பிக் கொண்டிருந்தனர். அவர்கள் வந்த வண்டி மீது ராணுவத்தின் சிறப்புப் படையினர் சுட்டதில் ஆறு பேர் மடிந்தனர். விஷயம் அறிந்து திரண்ட கிராமத்தாருடன் ஏற்பட்ட மோதலில் மேலும் ஏழு பேரும், ராணுவ வீரர் ஒருவரும் உயிரிழந்தனர். மறுநாள் மோன் நகரில் இன்னொருவர் சுடப்பட்டு இறந்தார். தீவிரவாதிகள் என்று தவறாக நினைத்துச் சுட்டுவிட்டதாக உள்துறை மந்திரி பாராளுமன்றத்தில் சொன்னார். பிழைப்புக்குப் போய் வாரக் கடைசியில் வீடு திரும்பும் தொழிலாளியைப் பற்றிக் கல்லாற்றுத் தோட்டத்தாருக்கு விளக்க வேண்டியதில்லை.

மாநிலப் போலீஸ் விசாரித்து, மேஜர் ஒருவர் உள்பட 30 ராணுவத்தினர் மீது 2022-ல் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. ஆனால் 1958-ம் ஆண்டு ஆயுதப் படைகள் சிறப்பு அதிகாரச் சட்டத்தின் 6-வது பிரிவுப்படி, மத்திய அரசின் அனுமதி இல்லாமல் வழக்கு நடத்த முடியாது. 2023-ல் அனுமதி மறுக்கப்பட்டது. 2024 செப்டம்பர் 17-ந் தேதி சுப்ரீம் கோர்ட் வழக்கை முடித்து வைத்தது. சாட்சி கூண்டில் ஏறவில்லை. ரத்நாயக்க வழக்கிலாவது சாட்சியம் கோர்ட்டில் பதிவாகியிருக்கிறது.

கேரளத்தார் மறக்காத இன்னொரு சம்பவத்தை இதனுடன் வைத்துப் பார்க்கலாம். 2012 பிப்ரவரி 15-ந் தேதி, கேரளக் கடலுக்கு அப்பால், 'என்ரிகா லெக்சி' என்ற இத்தாலியக் கப்பலில் காவலுக்கு வந்த கடற்படையினர் இருவர் சுட்டதில் இரு மீனவர்கள் இறந்தனர். ஒருவர் கொல்லத்துக்காரர், மற்றவர் கன்னியாகுமரி மாவட்டத் தமிழர். கடற்கொள்ளையர் என்று நினைத்துவிட்டோம் என்பதே அங்கும் கூறப்பட்ட சமாதானம். கொலை வழக்கை எங்கள் கோர்ட்தான் விசாரிக்கும் என்று இந்தியா உறுதியாக நின்றது; நின்றது நியாயமே. சர்வதேச நடுவர் மன்றம் 2020-ல், அவர்களுக்கு விலக்குரிமை உண்டு என்று கூறி நஷ்டஈட்டுக்கு மட்டும் வழிவிட்டது. பத்துக் கோடி ரூபாய் பெற்றுக்கொண்டு 2021-ல் வழக்கு மூடப்பட்டது. அந்நிய நாட்டுச் சிப்பாய் சுட்டபோது தெளிவாகத் தெரிந்த நியாயம், நம் சிப்பாய் ஓட்டிங்கில் சுட்டபோது டில்லிக்கு ஏன் மங்கிப்போயிற்று?

உயிரைப் பணயம் வைக்கும் படைவீரன், நாளைக்குக் கூண்டில் நிற்க நேருமோ என்று அஞ்சினால் கடமையைச் செய்ய முடியாது என்பார்கள். இதைத் தள்ளிவிட முடியாது. பதுங்கித் தாக்கும் எதிரியுடன் மோதுவோரின் சங்கடம் உண்மையானது. விரோதத்தால் போடப்படும் பொய் வழக்குகளும் உண்டு. ஆனால் பொய் வழக்கைப் பிரித்தெடுக்கத்தானே கோர்ட் இருக்கிறது? மிருசுவில் வழக்கில் ஐவரில் நால்வரை அது விடுவிக்கவில்லையா? மணிப்பூர் கொலைகள் பற்றிய வழக்கில் 2016 ஜூலையில் நம் சுப்ரீம் கோர்ட், சிறப்புச் சட்டம் அமலில் உள்ள இடத்திலும் படையினருக்கு முழு விலக்கு கிடையாது என்று சொல்லிவிட்டது. ஏட்டில் உள்ள அந்தச் சொல்லுக்கும் அனுமதிக் கோப்புக்கும் இடையில்தான் ஓட்டிங் சிக்கிக் கிடக்கிறது.

இலங்கையில் ஒரு சிறு அசைவு தெரிகிறது. கொலைக் குற்றவாளியான முன்னாள் எம்.பி. துமிந்த சில்வாவுக்கு அதே கோத்தபய அளித்த மன்னிப்பை, அந்நாட்டு சுப்ரீம் கோர்ட் 2024 ஜனவரியில் செல்லாது என்றது. ரத்நாயக்கவுக்கு அளித்த மன்னிப்பை எதிர்த்தும் மனுக்கள் தாக்கலாகியுள்ளன. இங்கோ, அனுமதி மறுப்பை எதிர்த்து நாகாலாந்து அரசே சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. பின்னர் அனுமதி கிடைத்தால் ஓட்டிங் வழக்கைத் தொடரலாம் என்று 2024 தீர்ப்பிலும் எழுதப்பட்டிருக்கிறது.