கூலிக்காரன் எலும்புக்கு லீவு இல்லை

கட்டுடைப்பைப் பற்றி நம் சிறுபத்திரிகைகளில் முப்பது வருஷத்துக்கு மேலாக எழுதித் தீர்த்தாச்சு. கட்டுப் போடுவதைப் பற்றியும் கொஞ்சம் பேசுவோம். சாரத்திலிருந்து விழுந்த சித்தாளுக்கும் கிணறு வெட்டுகையில் கல் சரிந்து கால் போனவனுக்கும் அதுதான் முதல் அரசியல்.

முறிந்த எலும்புக்கு மருத்துவம் செய்கிற வேலை மூன்று. விலகிய முனைகளை இழுத்து நேராக்குவது. கூடும்வரை அசையாமல் நிறுத்தி வைப்பது. பிறகு மூட்டு இறுகாமல் பழக்கி எடுப்பது. கூட்டி வைப்பது டாக்டர் இல்லை. எலும்பு தானே கூடிக்கொள்ளும். 2, 3 வாரத்தில் முறிவைச் சுற்றிக் குருத்து மாதிரி ஒரு திரட்சி வரும். அது கெட்டிப்பட இன்னும் பல வாரம் ஆகும். அதற்குள் பாரம் ஏற்றினால் கோணலாகக் கூடும், இல்லாவிட்டால் கூடவே கூடாது. இந்த விதியில் அக்ரகாரத்து எலும்பு, சேரி எலும்பு என்ற பேதம் கிடையாது. அத்தனை வாரமும் சோறு போடுவது யார் என்று கேட்கும்போதுதான் பேதம் ஆரம்பிக்கிறது.

‘இவங்களுக்கு விழிப்புணர்வு பத்தாது சார், ஆஸ்பத்திரியை விட்டுட்டு நாட்டுக்கட்டுக்கு ஓடுறாங்க’ என்று படித்த வர்க்கம் சலித்துக்கொள்கிறது. ஏன் ஓடுகிறார்கள்? பெரியாஸ்பத்திரியில் பெட் பிடித்து, எக்ஸ்ரே எடுத்து, ஆபரேஷனுக்கு நாள் வாங்க, கூட ஒரு ஆள் இருக்கணும். அந்த ஆளும் கூலிக்குப் போகிற ஆள்தான். ஒரு எலும்பு முறிந்தால் ரெண்டு கூலி போச்சு. கட்டுக்காரரோ மூங்கில் பத்தை வைத்து அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார். கணக்குப் பார்த்துத்தான் போகிறான் மனுஷன். இதற்குப் பெயர் அறியாமை இல்லை.

‘நம் முன்னோர் வைத்தியம்’ என்று சிலாகிக்கிறவர்களுக்கும் ஒன்று சொல்லணும். விலகாத முறிவு மூங்கில் பத்தையிலும் கூடிவிடும். ஆனால் குழந்தைக்கு முழங்கைக்கு மேலே முறிந்து வீங்கியிருக்கும்போது இறுக்கிக் கட்டினால் ரத்த ஓட்டம் நின்று கை சுருங்கிப்போகும். அழுகினால் வெட்டணும். ஜெர்மன் டாக்டர் ஃபோல்க்மான் 1881இலேயே இதை எழுதிவிட்டார். இறுகிப்போன மாவுக்கட்டும் இதே வேலையைச் செய்யும். ஆனால் விரல் நீலம் பாரிக்கிறதா என்று பார்க்கவும், கட்டை உடனே பிளந்துவிடவும் வார்டில் ஆள் இருக்கணும் என்று கேட்கலாம். சேரிப் பிள்ளையின் கையைப் பணயம் வைத்து யாரும் பாரம்பரியம் கொண்டாட வேண்டாம்.

தொடை எலும்புக்கு வருவோம். அது முறிந்தால் சுற்றியுள்ள தசை இழுக்கும்; ஒரு முனை மேல் மறுமுனை ஏறிக் கால் குட்டையாகும். பழைய வழி, முட்டிக்குக் கீழே கம்பி குத்தி, கட்டிலில் எடையைத் தொங்கவிட்டு 8லிருந்து 12 வாரம் மல்லாக்கப் படுக்க வைப்பது. இன்னொரு வழி, எலும்பின் உள்துளையில் நீளமான எஃகுக் கம்பியை இறக்குவது. 1939இல் ஜெர்மனியின் கீல் நகரத்தில் கெர்ஹார்ட் குன்ட்ஷர் செய்து காட்டியது. நம்ம ஜனங்க ‘ராடு வச்சிருக்கு’ என்று சொல்வது இதைத்தான். சில நாளிலேயே ஊன்றுகோலோடு எழுந்து நிற்கலாம்.

ஏழைக்கு ராடு கட்டுப்படியாகாது என்பார்கள். அமெரிக்க டாக்டர் லூயிஸ் ஸர்க்கிள் 1999இல் தொடங்கிய ‘சைன்’ அமைப்பு, ஏழை நாட்டு ஆஸ்பத்திரிகளுக்கு ராடை இலவசமாகவே கொடுத்துவருகிறது. ஆபரேஷன் நடக்கும்போதே படம் காட்டும் மிஷின் இல்லாத இடத்திலும் பொருத்துகிற மாதிரி அதைச் செய்திருக்கிறார்கள். ஆக, மனசு இருந்தால் வழி உண்டு.

நான் பேங்க் குமாஸ்தா. என் தொடை முறிந்தால் மெடிக்கல் லீவு உண்டு. 12 வாரம் படுத்தாலும் வீட்டில் அடுப்பு எரியும். மூட்டை தூக்குகிறவனுக்கு 12 வாரம் என்றால் கந்துவட்டி, மகள் படிப்புக்கு முழுக்கு. ராடு முதலில் யாருக்கு வேணும், எனக்கா, அவனுக்கா? நடப்பதோ தலைகீழ். காசுள்ளவனுக்கு மறுநாளே தியேட்டர். இல்லாதவன் வீட்டு அம்மா தோட்டைக் கழட்டி எங்கள் கவுண்டரில் நீட்டுகிறார். ‘எதுக்கும்மா?’ என்றால், ‘பிளேட்டு வைக்கணுமாம் சார்.’

எல்லா முறிவுக்கும் ராடு வை என்று கேட்கவில்லை. கத்தி வைத்தால் சீழ் பிடிக்கிற ஆபத்தும் உண்டு. மேல்கை எலும்பு பல நேரம் கட்டிலேயே கூடிவிடும். குழந்தைகளுக்குப் பெரும்பாலும் கட்டே போதும். எலும்பைப் பார்த்து முடிவெடு, உழைப்பைப் பார்த்து முடிவெடு, பர்ஸைப் பார்த்து முடிவெடுக்காதே என்றுதான் கேட்கிறோம்.

எக்ஸ்ரே சமாச்சாரம் ஒன்றும் இருக்கிறது. எலும்பு முறிவு கொடுங்காயம் என்று 1860ஆம் வருஷத்துத் தண்டனைச் சட்டம் 320ஆம் பிரிவில் சொன்னது. 2024 ஜூலையில் நடப்புக்கு வந்த புதுச்சட்டமும் 116ஆம் பிரிவில் அதையே சொல்கிறது. ஊர்த்தெருவில் அடிபட்டு வந்தவனுக்குப் படம் எடுக்காமல் மாத்திரை கொடுத்து அனுப்பினால் சர்டிபிகேட்டில் ‘சாதாரணக் காயம்’ என்று விழும். படம் எடுக்காத எலும்பு கோர்ட்டில் உடையாத எலும்பு. கையோடு சேர்ந்து வழக்கும் கோணலாகக் கூடிப்போகும்.

2009இல் அரசுக் காப்பீடு வந்தது. 2021இல் சாலை விபத்துக்கு முதல் 48 மணி நேர இலவச சிகிச்சை வந்தது. நல்லதுதான். அவை ஆஸ்பத்திரிச் செலவைக் கொடுக்கின்றன, கூலியைக் கொடுப்பதில்லை. 1948இன் ஈ.எஸ்.ஐ. சட்டம் ஆலைத் தொழிலாளிக்குப் படுத்திருக்கும் நாளுக்கும் காசு கொடுத்தது. வயல் கூலிக்கு அது எட்டவே இல்லை. கட்டுப் பிரிக்கும் நாள்வரைக்கும் கூலி கொடு என்பது பிச்சை இல்லை, மருந்துச்சீட்டில் எழுத வேண்டிய மருந்து.

கேஸ் ஷீட்டில் தொழில் என்ற இடத்தில் ‘கூலி’ என்று எழுதுகிறீர்களே டாக்டர், அதைப் படித்துவிட்டுக் கட்டுப் போடுங்கள்.