குடத்திலிட்ட விளக்கா கல்வி?

ஒரே கணிப்பொறியைப் பலர் ஒரே வேளையில் பயன்படுத்த, அதன் நேரத்தைச் சிறு சிறு துண்டுகளாக்கி மாறி மாறி வழங்குவதே நேரப் பகிர்வு முறை. அவ்வகை இயக்க முறைமைகளுள் புகழ்பெற்றது யூனிக்ஸ். 1969-ஆம் ஆண்டு அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் கென் தாம்சன் அதனைத் தொடங்கினார். டென்னிஸ் ரிட்சி துணை நின்றார்.

முதலில் அது ஒரு பொறிக்கே உரிய குறிமொழியில் எழுதப்பட்டது. பொறி பழையதானால் எழுதிய உழைப்பும் வீண்தானே! 1973-இல், ரிட்சி உருவாக்கிய ‘சி’ மொழியில் அதன் பெரும்பகுதியைத் திருப்பி எழுதினர். 1977-இல் ஆஸ்திரேலியாவின் உல்லன்காங் பல்கலைக்கழகத்தில் ரிச்சர்டு மில்லர் அதை இன்டர்டேட்டா 7/32 என்னும் முற்றிலும் வேறான பொறியில் இயங்கச் செய்தார்.

கடல் கடந்து இது எங்ஙனம் இயன்றது? பொறிக்குப் பொறி மாறாத மொழி ஒரு காரணம். எழுதிய மூல நிரலையே பல்கலைக்கழகங்களுக்குப் படிக்கக் கொடுத்தது மற்றொரு காரணம்.

உழைத்தவர் தம் ஆக்கத்தைக் காத்துக்கொள்ளும் உரிமையை நாம் மறுக்கவில்லை. ஆயினும், 1979-இல் வந்த ஏழாம் பதிப்பின் உரிமம் அந்த மூல நிரலை வகுப்பில் பாடமாக்கத் தடை விதித்தது முறையன்று என்பதே நம் கருத்து. குடத்திலிட்ட விளக்கு யாருக்கு ஒளி தரும்? கணிப்பொறியை இயக்கப் பழகுவதோடு நில்லாமல், அதனுள் எழுதியிருப்பதைப் படித்தறியவும் நாம் விரும்புவோமாக!