ஓரங்குலத் தண்ணீரில் ஒரு கடற்போர்

திரையில் போர்க்கப்பல் தீப்பற்றி எரிந்தால் நாம் கைதட்டி மகிழ்கிறோம். அக்காட்சியில் எவ்வளவு உண்மை என்று எண்ணிப் பார்க்கிறோமா?

1898-ஆம் ஆண்டு ஜூலை 3 அன்று கியூபாவின் சாண்டியாகோ கடலில் அமெரிக்கக் கப்பற்படை ஸ்பானியக் கப்பல்களை அழித்தது. அப்போரைக் காட்டும் ஊமைப்படம் ஒன்றை நியூயார்க்கில் பிளாக்டன், ஸ்மித் என்ற இருவர் எடுத்தனர். எப்படி? கப்பல் படங்களைக் கத்தரித்து, ஓரங்குல ஆழத் தண்ணீரில் நிறுத்தினர். சிட்டிகை வெடிமருந்தும் ஊதிவிட்ட சுருட்டுப் புகையும் பீரங்கிப் போராயின! இதைப் பின்னாளில் ஸ்மித்தே எழுதினார். மெய்யான போரில் 300-க்கும் மேற்பட்ட ஸ்பானிய மாலுமிகள் மாண்டனர். அந்தத் தண்ணீரிலோ ஒருவரும் மாளவில்லை.

1915 மே 7 அன்று ஜெர்மானிய நீர்மூழ்கிக் கப்பல் ஏவிய டார்பிடோ, லூசிடானியா என்ற பயணிகள் கப்பலை மூழ்கடித்தது. ஏறத்தாழ 1,200 பேர் இறந்தனர். அக்காட்சியைப் படம் பிடித்தவர் எவருமிலர். வின்சர் மக்கே என்ற அமெரிக்க ஓவியர் சுமார் 25,000 சித்திரங்களால் அதனை 1918-இல் திரையில் காட்டினார். குழந்தையை அலைக்குமேல் உயர்த்தியபடி மூழ்கும் தாயைக் கண்டு உருகாத நெஞ்சமுண்டோ? ஆயினும் அப்படமும் பகைவர்மேல் வெறுப்பை மூட்டியே முடிகிறது.

முன்னது துயரை மறைத்தது. பின்னது துயரையே சினமாக்கியது. படமே பார்க்கலாகாது என்பதன்று நம் கருத்து. கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்றனர் நம் முன்னோர். தோழியரே, அடுத்த முறை திரையில் கப்பல் மூழ்கும்போது, கைதட்டுமுன் அதில் இருந்தவர்களை நினைப்போமா?